‘என்னமோ பண்ணுது’: காரணம் தெரியாமல் வரும் சாவு பயம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அவசரப் பிரிவிலும் வார்டிலுமாக நர்ஸ் வேலையில் பல வருஷம் ஓடிவிட்டது. "வலிக்குது சிஸ்டர்" என்று ஒருவர் சொன்னால் எனக்குப் பெரிதாகப் பதற்றம் வராது. எங்கே, எத்தனை நேரமாக என்று கேட்கலாம். ஆனால் கையைப் பிடித்துக்கொண்டு "சிஸ்டர், என்னமோ பண்ணுது" என்று சொன்னால் எனக்கே வயிற்றைக் கலக்கும். அந்த ஒரு வாக்கியத்தைப் பற்றி உறவுக்காரர்களும் பக்கத்து வீட்டுக்காரர்களும் ஜூனியர் நர்ஸ்களும் என்னிடம் கேட்டவற்றை இங்கே சேர்த்திருக்கிறேன்.

படிக்கும் இந்த நேரத்திலேயே உங்களுக்கோ பக்கத்தில் இருப்பவருக்கோ அப்படி இருக்கிறதா? கூடவே நெஞ்சு வலி, மூச்சுத் திணறல், குளிர்ந்த வேர்வை, மயக்கம் என்று ஏதாவது சேர்ந்திருக்கிறதா? படிப்பதை நிறுத்திவிட்டு 108ஐக் கூப்பிடுங்கள். இலங்கையில் 1990. மற்றதெல்லாம் அப்புறம்.

இது சாதாரண பயம்தானே? இதற்கு ஏன் இவ்வளவு பேச்சு?

சாதாரண பயத்துக்கு ஒரு முகம் இருக்கும். நாய் துரத்துகிறது, நாளைக்குப் பரீட்சை, கடன் கொடுத்தவர் வாசலில் நிற்கிறார். எதைக் கண்டு பயம் என்று கேட்டால் பதில் வரும். நான் சொல்லும் பயத்துக்கு அந்தப் பதில் கிடையாது. மாவு அரைத்துக்கொண்டிருக்கும்போது, டிவி பார்த்துக்கொண்டிருக்கும்போது, அடிவயிற்றிலிருந்து ஏதோ கிளம்பும். ‘முடிந்தது, போகப்போகிறேன்’ என்று உள்ளே ஒரு நிச்சயம் வந்து உட்கார்ந்துகொள்ளும். சந்தேகம்கூட இல்லை, நிச்சயம்.

இதை ஆளுக்கொரு விதமாகச் சொல்வார்கள். "உயிர் போற மாதிரி இருக்கு", "நெஞ்சுக்குள்ள திக்கு திக்குங்குது", "ஒரு மாதிரியா வருது", "உள்ள என்னமோ கழண்டு விழுற மாதிரி இருக்கு". சிலர் இப்படி எதுவுமே சொல்லமாட்டார்கள். பீரோ சாவி எங்கே இருக்கிறது, யாரிடம் எவ்வளவு பணம் வர வேண்டியிருக்கிறது, சின்னவளை எந்தக் காலேஜில் சேர்க்க வேண்டும் என்று மனைவியிடம் நிதானமாகச் சொல்ல ஆரம்பிப்பார்கள். ஐம்பதைத் தாண்டிய ஆண்கள் பலர் அப்படித்தான். என் கணக்கில் அதுவும் ஒரு அறிகுறி.

டாக்டர்கள் இதை நிஜமாகவே அறிகுறியாக எடுத்துக்கொள்கிறார்களா?

மருத்துவத்தில் இதற்குப் பெயரே இருக்கிறது. லத்தீனில் ஆங்கோர் அனிமி என்பார்கள். ‘செத்துவிடுவேனோ’ என்ற கவலையை அது குறிப்பதில்லை. ‘இதோ செத்துக்கொண்டிருக்கிறேன்’ என்று நோயாளிக்குத் தோன்றுவதைக் குறிக்கிறது. மாரடைப்பு, நுரையீரலில் ரத்தக்கட்டி, கடுமையான அலர்ஜி, பொருந்தாத ரத்தம் ஏறுவது, இதயத்திலிருந்து கிளம்பும் பெருந்தமனியின் சுவர் கிழிவது, அட்ரீனல் சுரப்பியில் வரும் ஒரு கட்டி, சில வகை வலிப்பு என்று இது தலைகாட்டும் இடங்கள் நிறைய.

இது புதிதும் இல்லை. வில்லியம் ஹெபர்டன் என்ற ஆங்கிலேய மருத்துவர் 1768இல் லண்டனில் ஒரு கட்டுரை வாசித்தார். நடக்கும்போது, அதிலும் சாப்பிட்டுவிட்டு மேடு ஏறும்போது வருகிற நெஞ்சு நோயைப் பற்றியது. ஆஞ்சைனா என்று பெயர் வைத்தவர் அவர்தான். இது இன்னும் கொஞ்சம் கூடினாலோ நீடித்தாலோ உயிரையே எடுத்துவிடும் என்று நோயாளிகளுக்குத் தோன்றுகிறது என்பதையும் அப்போதே எழுதிவிட்டார். ஆஞ்சைனாவும் ஆங்ஸைட்டியும் ‘நெரிப்பது’ என்று பொருள்படும் ஒரே வேரிலிருந்து வந்த சொற்கள். இதில் நாம் ஆச்சரியப்பட எதுவும் இல்லை. நமக்கும் நெஞ்சு என்றால் மார்பும்தான், மனசும்தான்.

சரி, நடைமுறையில்? எல்லா இடத்திலும் எடுத்துக்கொள்கிறார்கள் என்று சொன்னால் அது பொய். கூட்டம் நெரியும் ஓபியில் ‘டென்ஷன்’ என்று எழுதி ஒரு தூக்க மாத்திரையோடு அனுப்பிவிடுவதை நானே பார்த்திருக்கிறேன். சொல்பவர் பெண் என்றால் அது இன்னும் சுலபமாக நடந்துவிடுகிறது.

உடம்பில் என்ன நடந்தால் இப்படித் தோன்றும்?

ஒரே பதில் கிடையாது. ஆனால் இரண்டு மூன்று வழிகள் ஓரளவு தெளிவாகத் தெரிந்தவை.

முதலாவது அட்ரீனலின் என்ற ஹார்மோன். இதயத்துக்கு ரத்தம் போகவில்லை, பிரஷர் விழுகிறது, ரத்தத்தில் சர்க்கரை இறங்குகிறது, எதுவாக இருந்தாலும் உடம்பு உடனே அட்ரீனலினையும் அதன் கூட்டாளிகளையும் கொட்டும். படபடப்பு, நடுக்கம், வேர்வை, வாய் உலர்வது எல்லாம் அதன் வேலை. 1924இல் ஸ்பெயின் நாட்டு மருத்துவர் கிரெகோரியோ மரன்யோன் பலருக்கு அட்ரீனலின் ஊசி போட்டுப் பார்த்தார். பெரும்பாலோருக்கு உடம்பில் மாற்றம் தெரிந்ததோடு சரி. சிலர் மட்டும் ‘பயந்த மாதிரி இருக்கிறது, ஆனால் எதற்கென்று தெரியவில்லை’ என்ற பாணியில் சொன்னார்கள்.

இரண்டாவது, உள்ளுறுப்புகள் மூளைக்கு அனுப்பும் செய்தி. கழுத்து வழியாக இறங்கும் வேகஸ் நரம்பின் பெரும்பாலான இழைகள் உடம்பிலிருந்து மூளைக்குச் செய்தி கொண்டுபோகிறவை. விரலில் முள் குத்தினால் எந்த விரல் என்று தெரியும். இதயமோ குடலோ அப்படித் துல்லியமாகப் பேசாது. ‘ஏதோ சரியில்லை’ என்று மட்டும் சொல்லும். அந்தத் தெளிவில்லாத செய்தியை மூளை வாங்கி அதற்குப் பயம் என்று பெயர் வைத்துவிடுகிறது.

மூன்றாவது, மூச்சு முட்டுவது. எனக்கு மிகவும் பிடித்த கதை இதில்தான் இருக்கிறது. அமெரிக்காவில் எஸ்.எம். என்ற எழுத்துகளால் மட்டும் அறியப்படும் ஒரு பெண். அரிதான ஒரு பரம்பரை நோயால் அவருடைய மூளையில் இரண்டு பக்கமும் அமிக்டலா அழிந்துபோயிருந்தது. பயத்தின் இருப்பிடம் என்று சொல்லப்படும் பகுதி அது. பாம்பைக் காட்டினாலும் பயமில்லை, சிலந்தியைக் காட்டினாலும் பயமில்லை. கடைசியில் 35 சதவீதம் கார்பன் டை ஆக்சைடு கலந்த காற்றை ஒரே ஒரு மூச்சு இழுக்க வைத்தார்கள். அந்தப் பெண் பதறிப்போனார். அமிக்டலா இல்லாத இன்னும் இரண்டு பேருக்கும் அதே கதிதான். 2013இல் வெளியான ஆய்வு இது. வெளியே இருக்கும் ஆபத்துக்கு அமிக்டலா தேவைப்படலாம், உள்ளே மூச்சு முட்டினால் அது இல்லாமலேயே பயம் வந்துசேரும் என்பது அதிலிருந்து தெரிந்த விஷயம். ‘எல்லாம் உன் மனப்பிரமை’ என்று யாராவது சொன்னால் இந்தக் கதையைச் சொல்லுங்கள்.

மாரடைப்பா, பேனிக் அட்டாக்கா என்று வீட்டிலேயே கண்டுபிடிக்க முடியுமா?

முடியாது. அதிகம் பேர் கேட்பது இதுதான், அதிகம் பேருக்குப் பிடிக்காத பதிலும் இதுதான்.

சில சாடைகள் உண்டு. பேனிக் அட்டாக், அதாவது நிஜ ஆபத்து இல்லாமலே திடீரென்று தாக்கும் கடும் பயம், கிடுகிடுவென்று ஏறி ஏறக்குறைய பத்து நிமிஷத்துக்குள் உச்சிக்குப் போய், அரைமணி நேரத்தில் பெரும்பாலும் வடிந்துவிடும். விரல் நுனியும் உதட்டைச் சுற்றியும் மரத்துப்போகும், நம்மைச் சுற்றி நடப்பது நிஜமில்லாதது போல இருக்கும். இதய வலி பாரம் வைத்த மாதிரி, இறுக்கிக் கட்டின மாதிரி இருக்கும். இடது கை, தாடை, முதுகு என்று பரவலாம். நடந்தால் கூடும். சட்டை நனையும் அளவுக்குக் குளிர்ந்த வேர்வை வரும்.

இதை மனப்பாடம் செய்துகொண்டு வீட்டில் உட்கார்ந்துவிடாதீர்கள். சர்க்கரை நோய் உள்ளவர்களுக்கும் வயதானவர்களுக்கும் வலியே இல்லாமல் மாரடைப்பு வரும். பெண்களுக்கு வெறும் களைப்பு, குமட்டல், முதுகு வலி, கூடவே இந்தப் பயம் என்று வரலாம். ஏற்கெனவே பேனிக் வருகிற ஒருவருக்கு நிஜ மாரடைப்பே வராது என்று எழுதிக் கொடுத்தவர் யாரும் இல்லை. வாழ்க்கையில் முதல் தடவை இப்படி வந்தால் ஆஸ்பத்திரிதான். வழக்கமாக வருவதுபோல் இல்லை என்று தோன்றினாலும் ஆஸ்பத்திரிதான்.

ஆஸ்பத்திரிக்குள் நுழைந்த பத்து நிமிஷத்துக்குள் ஈசிஜி எடுக்க வேண்டும் என்பது விதி. இன்னொன்றையும் தெரிந்துகொள்ளுங்கள். மாரடைப்பு தொடங்கிய நேரத்தில் எடுக்கும் முதல் ஈசிஜி நார்மலாக இருக்கலாம். இதயத் தசை சேதமாவதைக் காட்டும் ட்ரோபோனின் என்ற ரத்தப் பரிசோதனையிலும் அளவு ஏறுவதற்குச் சில மணி நேரம் எடுக்கும். அதனால்தான் இரண்டையும் திரும்பச் செய்கிறார்கள். ஒரு ஈசிஜியைப் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போகலாம் என்றால், "ட்ரோபோனின் பார்த்துடலாமா டாக்டர்?" என்று கேட்பதில் தப்பே இல்லை.

கேஸாக இருக்கும் என்று சோடா குடித்துப் பார்க்கலாமா?

நம் ஊரில் மாரடைப்புக்கு முதல் சிகிச்சை சோடாதான். இரண்டாவது பெருங்காயம், மூன்றாவது ஓமத் தண்ணீர், நான்காவது முதுகைத் தட்டி ஏப்பம் வரவைப்பது. ஏப்பம் வந்ததும் கொஞ்சம் லேசானது போல இருக்கும். அந்த நிம்மதியில் போகும் ஒரு மணி நேரம்தான் இதயத் தசைக்கு ரொம்ப முக்கியமான ஒரு மணி நேரம்.

இதயமும் உணவுக்குழாயும் ஏறக்குறைய ஒரே நரம்புப் பாதையில் செய்தி அனுப்புவதால் குழப்பம் இயல்புதான். வெறும் கேஸ் பொதுவாகச் சாவு பயத்தையும் சட்டை நனையும் வேர்வையையும் கூட்டிக்கொண்டு வராது. வந்திருந்தால் கேஸ் என்று யாரும் முடிவுகட்ட வேண்டாம், டாக்டர் சொல்லட்டும். தமிழ்நாட்டில் 2023இல் தொடங்கிய இதயம் காப்போம் திட்டத்தில் ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே மாரடைப்புக்கான முதல் டோஸ் மாத்திரைகளைக் கொடுத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்புகிறார்கள். சோடா வாங்கப் போகிற தூரத்தில் அது இருக்கலாம்.

தனியாக இருக்கும்போது வந்தால்?

முதலில் வாசல் கதவைத் திறந்து வையுங்கள். உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்ததால் வந்தவர்கள் கதவை உடைத்த கதை ஒன்றிரண்டு இல்லை. பிறகு 108. அதற்குப் பிறகு பக்கத்து வீடு. அப்புறம் சாய்ந்து உட்காருங்கள்.

வெளிக்குப் போகவேண்டும் போல இருக்கும், குளித்தால் தேவலை என்று இருக்கும். பாத்ரூமுக்குப் போய்த் தாழ்ப்பாள் போடாதீர்கள். மாடிப்படி வேண்டாம். நீங்களே வண்டி ஓட்டிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போகவே வேண்டாம். ஆஸ்பிரின் பற்றிக் கேட்பார்கள். மாரடைப்பு என்று பலமான சந்தேகம், ஆஸ்பிரின் அலர்ஜி இல்லை, அல்சர் ரத்தக்கசிவு இல்லை என்றால் 300 மில்லிகிராமை மென்று விழுங்குவது பொதுவான பழக்கம். முதுகுப் பக்கம் கிழிவது போன்ற வலி என்றால் வேண்டாம், அது பெருந்தமனிக் கிழிசலாக இருக்கலாம். 108இல் பேசுபவரிடமே கேட்டுவிடுங்கள்.

ரத்தம் ஏற்றும்போது என் அம்மாவுக்குப் பயம் வந்தது. நர்ஸ் உடனே நிறுத்திவிட்டார். அவ்வளவு அவசரமா?

அவசரம்தான். அந்த நர்ஸுக்கு என் சார்பில் ஒரு கும்பிடு.

ரத்த வகைகளை கார்ல் லேண்ட்ஸ்டெய்னர் கண்டுபிடித்துச் சொன்னது 1901இல். அதற்கு முன்னால் ரத்தம் ஏற்றுவது சூதாட்டம். இப்போதும் தப்பு நடக்கிறது. பெரும்பாலும் லேபில் இல்லை, கட்டில் பக்கத்தில். ஏ வகைக்காரருக்கு பி வகை போய்விட்டால் சில மில்லிலிட்டர் போதும், உடம்பில் இருக்கும் எதிர்ப்பொருள்கள் புது ரத்த அணுக்களை உடைக்க ஆரம்பிக்கும். குளிர், காய்ச்சல், இடுப்பு வலி, ஊசி போட்ட நரம்பில் எரிச்சல், சிறுநீர் கறுத்துப்போவது எல்லாம் வரும். பல நேரம் இவற்றுக்கெல்லாம் முன்னால் வருவது, "இதை எடுத்துடுங்க, எனக்கு என்னமோ பயமா இருக்கு" என்ற ஒரு வாக்கியம்தான். முதல் 15 நிமிஷம் மெதுவாக ஏற்றி, பக்கத்திலேயே நிற்கச் சொல்வது இதனால்தான்.

என் அனுபவத்தில் ஒன்று. எந்த ஆஸ்பத்திரி என்று சொல்லப்போவதில்லை. பிரசவம் ஆன பெண் ஒருவர். ரத்தம் ஆரம்பித்து ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை, என் கையைப் பிடித்தார். "அக்கா, நான் பொழைக்கமாட்டேன் போலிருக்கு." பல்ஸ் கொஞ்சம் கூடியிருந்தது, மற்றபடி ஒன்றுமில்லை. நிறுத்திவிட்டுப் பையைப் பார்த்தேன். அதே வார்டில் அதே பெயரில் இன்னொருவர் இருந்தார். பை அவருடையது. பேரைக் கேட்டுச் சரிபார்த்தேன், ஆஸ்பத்திரியில் சேரும்போது ஒவ்வொருவருக்கும் கொடுக்கும் ஐபி நம்பரைப் பார்க்கவில்லை. தப்பு என்னுடையதும்தான். புது ட்யூபில் சலைன் ஓடவிட்டு, டாக்டரைக் கூப்பிட்டு, பையையும் ரத்த மாதிரியையும் பிளட் பேங்குக்கு அனுப்பினோம். அன்று மாலை வரை சிறுநீர் காப்பி நிறத்தில் போனது. பிழைத்துக்கொண்டார். அந்தப் பெண் சொன்ன வாக்கியத்தை "பயப்படாதம்மா, ரத்தம்தானே" என்று தட்டிவிட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இப்போதும் சில ராத்திரி யோசிப்பதுண்டு.

மயக்க மருந்து கொடுக்கப்பட்ட நோயாளியால் இந்த எச்சரிக்கையைச் சொல்ல முடியாது என்பதையும் ஜூனியர்கள் நினைவில் வைக்க வேண்டும்.

ஊசி போட்டவுடன், அல்லது ஏதாவது கடித்தவுடன் வந்தால்?

ஆன்டிபயாடிக் ஊசி, குளவிக் கொட்டு, இறால், வேர்க்கடலை, பாம்புக்கடிக்குப் போடும் விஷமுறிவு மருந்து என்று எதற்கு வேண்டுமானாலும் அனாஃபிலாக்ஸிஸ் என்ற கடுமையான அலர்ஜி வரலாம். உள்ளங்கை அரிப்பு, தடிப்பு, தொண்டை அடைப்பு, வாந்தி, பிரஷர் இறங்குவது. பல பேருக்கு அரிப்பு தொடங்கும் முன்பே பயத்தில் முகம் மாறிவிடும்.

இதற்கு முதல் மருந்து அட்ரீனலின், பெரியவர்களுக்கு அரை மில்லிகிராம், தொடையின் வெளிப்பக்கத் தசையில். அவில் என்ற அலர்ஜி ஊசியும் டெக்கா என்ற ஸ்டீராய்டு ஊசியும் பின்னால் வரும் துணை. அவற்றைப் போட்டுவிட்டுக் காத்திருப்பது பல இடங்களில் பழகிப்போன ஒரு கெட்ட பழக்கம். நோயாளியைப் படுக்க வைத்துக் காலைத் தூக்கி வையுங்கள், மூச்சு முட்டினால் மட்டும் உட்காரட்டும். எழுந்து நிற்கவோ பாத்ரூமுக்கு நடக்கவோ விடக்கூடாது. நின்ற நொடியில் இதயம் நின்றுபோவது உண்டு.

டாக்டரே "செத்துப்போகிற மாதிரி இருக்கும்" என்று சொல்லிவிட்டு ஊசி போட்டார். அது என்ன ஊசி?

அடினோசினாக இருக்க வேண்டும். இதயம் திடீரென்று நிமிஷத்துக்கு 180, 200 என்று ஓடும் ஒரு வகைப் படபடப்பை நிறுத்தப் போடுவது. முதலில் 6 மில்லிகிராம், கேட்கவில்லை என்றால் 12. வேகமாகத் தள்ள வேண்டும், ஏனென்றால் பத்து நொடிக்குள் ரத்தத்தில் அதில் பாதி மறைந்துவிடும். அந்தச் சில நொடிகள் இதயத் துடிப்பு நின்று திரும்பத் தொடங்கும். மானிட்டரில் கோடு நேராகப் போகும், அந்த நேரத்தில் உறவினர்கள் அதைப் பார்க்காமல் இருப்பது நல்லது. நோயாளிக்கு நெஞ்சு அழுந்தி, முகம் சூடாகி, உயிர் போவது போலவே இருக்கும். முன்கூட்டியே சொன்னார் என்றால் நல்ல டாக்டர். சொல்லாமல் போடுகிறவர்களும் உண்டு. அது அநியாயம்.

ஆபரேஷன் முடிந்து நன்றாகத் தேறிவந்தவர், பாத்ரூம் போய் வந்ததும் பயந்து மூச்சுவாங்கினார். ஏன்?

கால் நரம்பில் உறைந்த ரத்தக்கட்டி நுரையீரலுக்குப் போய் அடைத்திருக்கலாம். இடுப்பு, முழங்கால் ஆபரேஷன், நீண்ட நாள் படுக்கை, பிரசவம், புற்றுநோய், நீண்ட விமானப் பயணம், சில கருத்தடை மாத்திரைகள், இவற்றுக்குப் பிறகு இந்தப் பயமும் மூச்சுத் திணறலும் சேர்ந்து வந்தால் ஒரு கால் மட்டும் வீங்கியிருக்கிறதா என்று பாருங்கள். வீங்காவிட்டாலும் அவசரம்தான். நெஞ்சு எக்ஸ்ரே நார்மலாகவே இருக்கலாம், சிடி ஸ்கேனில்தான் தெரியும்.

சர்க்கரை மாத்திரை சாப்பிடுகிறேன். ராத்திரி பயந்து வேர்த்து எழுகிறேன்.

குளுக்கோமீட்டரை எடுத்துப் பாருங்கள். 70க்குக் கீழே இருந்தால் பயத்துக்குக் காரணம் கிடைத்துவிட்டது. இன்சுலின், கிளைமிபிரைடு, கிளிபென்கிளமைடு எடுப்பவர்களுக்கு இது அதிகம். மூன்று ஸ்பூன் சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் குடித்து, 15 நிமிஷம் கழித்து மறுபடி பாருங்கள். நினைவு தப்பியவர் வாயில் எதையும் ஊற்றாதீர்கள். இதயத் துடிப்பைக் குறைக்கும் புரோபிரனலால் போன்ற மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்குப் படபடப்பும் நடுக்கமும் மறைந்துபோய் வேர்வை மட்டும் மிஞ்சும்.

சர்க்கரை சரியாக இருந்தால்? படுத்து ஒன்றிரண்டு மணி நேரத்தில் மூச்சு முட்டி எழுந்து, ஜன்னல் பக்கம் போய் நின்றால் தேவலை என்று இருந்தால் இதயம் பலவீனமாகியிருக்கலாம். குறட்டையோடு திணறி விழித்தால் தூக்கத்தில் மூச்சு நிற்பதாக இருக்கலாம். தைராய்டு கூடியிருந்தாலும் படபடப்பும் காரணமில்லாத கலக்கமும் வரும். தூக்கத்திலேயே பேனிக்கும் வரும்.

சில நொடிகள் மட்டும் வந்து போகிறது. அப்புறம் ஒன்றுமில்லை. இதையும் காட்ட வேண்டுமா?

நரம்பியல் டாக்டரிடம் காட்டுங்கள். மூளையில் காதுக்கு மேலே இருக்கும் பொட்டுப் பகுதியில் தொடங்கும் வலிப்பு சிலருக்கு வெறும் பயமாகவே வரும். கை கால் வெட்டாது, நுரை தள்ளாது. வயிற்றிலிருந்து ஏதோ மேலே ஏறும், இது முன்பே நடந்தது போல இருக்கும், இல்லாத ஒரு வாடை அடிக்கும், திக்கென்று பயம், முடிந்தது. ஒவ்வொரு தடவையும் அச்சு எடுத்தது போல ஒரே மாதிரி, பெரும்பாலும் இரண்டு நிமிஷத்துக்குள். பக்கத்தில் இருப்பவர்கள் "கூப்பிட்டா முழிச்சுப் பார்த்துட்டே இருந்தா, வாயை மென்னா" என்று சொன்னால் சந்தேகம் வலுக்கிறது.

‘எதையோ கண்டு பயந்துட்டா’ என்று மந்திரிக்க அழைத்துப்போய்ப் பல வருஷம் கழித்து வருகிறவர்களில் இவர்களும் உண்டு. திருநீறு போடுவதில் எனக்கு ஒரு சண்டையும் இல்லை. போட்டுக்கொண்டு எம்ஆர்ஐயும் எடுக்கட்டும். மூளையின் மின் அலைகளைப் பதியும் ஈஈஜி ஒரு தடவை நார்மலாக வந்தால் வலிப்பு இல்லை என்று ஆகிவிடாது. அது வரும்போது ஃபோனில் வீடியோ எடுத்துவைத்தால் டாக்டருக்கு நூறு கேள்வி கேட்கும் வேலை மிச்சம்.

தலைவலி, வேர்வை, படபடப்பு, பயம் நான்கும் சேர்ந்து வந்து வந்து போகிறது?

அந்த நேரத்தில் பிரஷர் பாருங்கள். தாறுமாறாக ஏறியிருந்தால் ஃபியோகுரோமோசைட்டோமா என்ற அட்ரீனல் கட்டியைத் தேட வேண்டும். அரிதானதுதான். 24 மணி நேரச் சிறுநீரிலோ ரத்தத்திலோ அட்ரீனலின் சிதைந்து உண்டாகும் மெட்டாநெஃப்ரின் அளவு பார்த்தால் தெரியும். பல வருஷம் பேனிக் என்று மருந்து சாப்பிட்டுவிட்டு, கட்டியை எடுத்த பிறகு பயமே இல்லாமல் போனவர்கள் இருக்கிறார்கள்.

ஜெல்லிமீன் கொட்டினால் சாவு பயம் வரும் என்கிறார்களே, உண்மையா?

உண்மை, ஆனால் எல்லா ஜெல்லிமீனும் இல்லை. ஆஸ்திரேலியாவின் வட கடலில் இருக்கும் இருகாண்ட்ஜி என்ற வகை. உடல் ஒரு சென்டிமீட்டர் அளவுதான். கொட்டியது பல நேரம் பெரிதாகத் தெரியாது. அரைமணி நேரம் கழித்து முதுகு வலி, தசைப்பிடிப்பு, வாந்தி, எகிறும் பிரஷர், கூடவே ‘சாகப்போகிறேன்’ என்ற நிச்சயம். விஷம் உடம்பின் அட்ரீனலின் வகைகளைக் கொட்டவைப்பதுதான் காரணம் என்கிறார்கள்.

இதைக் கண்டுபிடித்த விதம் விசித்திரம். 1961இல் கெய்ன்ஸ் ஊரில் ஜாக் பார்ன்ஸ் என்ற டாக்டர் அந்தக் குட்டி ஜெல்லிமீனைப் பிடித்து, தன் மீதும் தன்னுடைய ஒன்பது வயது மகன் மீதும் கடற்கரைக் காவலர் ஒருவர் மீதும் கொட்டவிட்டார். மூன்று பேரும் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள், பிழைத்தார்கள். பையனின் அம்மா அன்று என்ன சொன்னாரோ!

குழந்தைக்குப் பால் கொடுக்கும் நேரத்தில் மட்டும் மனசு சட்டென்று இருண்டுபோகிறது. நான் கெட்ட அம்மாவா?

இல்லை, இல்லவே இல்லை. பால் சுரந்து இறங்கும் சில நொடிகளுக்கு முன்னால் காரணமே இல்லாமல் வெறுமையோ கலக்கமோ வந்து, ஓரிரு நிமிஷத்தில் மறைந்துவிடுவது சில தாய்மார்களுக்கு உண்டு. டி-மெர் என்று சுருக்கமாகச் சொல்கிறார்கள். பால் இறங்குவதற்காக மூளையில் டோபமின் சட்டென்று குறைவதுதான் காரணம் என்று கருதப்படுகிறது. பால் கொடுக்காத நேரத்திலும் அந்த இருட்டு நீடித்தால் அது வேறு, பிரசவத்துக்குப் பின் வரும் மனச்சோர்வாக இருக்கலாம். அதற்கு மருத்துவம் இருக்கிறது, தாமதிக்காமல் கேளுங்கள்.

அப்பா "நான் போயிடுவேன் போலிருக்கு" என்றார். அபசகுனமாகப் பேசாதீர்கள் என்று அடக்கிவிட்டோம்.

பெரும்பாலான வீடுகளில் இதுதான் நடக்கிறது. அந்த வாக்கியத்தைக் கேட்டதும் நமக்கே பயம் வருகிறது, அதனால் வாயை மூடுகிறோம். "வெள்ளிக்கிழமை அதுவுமா என்ன பேச்சு இது!" அப்பாவும் அடங்கிவிடுவார். மறுபடி சொல்லமாட்டார். ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்கும்போது, "லேசா நெஞ்சு கரிக்குதுன்னார் சார்" என்று நாம் சொல்வோம். உண்மையில் அவர் சொன்னது கேஸ் ஷீட்டுக்கு வந்தே சேராது.

அடக்குவதற்குப் பதிலாகக் கேளுங்கள். "எப்ப இருந்துப்பா? மூச்சு முட்டுதா? எங்கயாவது வலிக்குதா?" கையைத் தொட்டுப் பாருங்கள், சில்லென்று ஈரமாக இருக்கிறதா என்று. குற்றவுணர்ச்சியோடு கேட்டிருக்கிறீர்கள், அதனால் சொல்கிறேன்: எல்லோரும் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள். நானும் என் அப்பாவிடம் சொல்லியிருப்பேன்.

இந்த உணர்வு வந்தால் சாவு நிச்சயமா?

இல்லை. வந்து பிழைத்தவர்கள்தான் அதைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். இது அபாயச் சங்கு, அவ்வளவுதான். சில நேரம் சங்கு சும்மாவும் ஊதும். நிறைய காப்பி, கஞ்சா, குடியைத் திடீரென்று விடுவது, தினமும் சாப்பிட்ட மனநல மாத்திரையைச் சட்டென்று நிறுத்துவது, அளவுக்கு மீறிய ஜாதிக்காய்கூட இந்தச் சங்கை ஊதிவிடும்.

எல்லா டெஸ்டும் நார்மல். ஆனால் மறுபடி மறுபடி வருகிறது. என்னை யாரும் நம்புவதில்லை.

நான் நம்புகிறேன். ஈசிஜி, ட்ரோபோனின், சர்க்கரை, தைராய்டு, ஹீமோகுளோபின் எல்லாம் பார்த்து, வரும் விதத்தைக் கேட்டு டாக்டர் பேனிக் என்று சொன்னால் அது ‘ஒன்றுமில்லை’ என்று அர்த்தமில்லை. அதற்கும் சிகிச்சை இருக்கிறது, நன்றாகக் கேட்கும். சிபிடி என்ற பேச்சு சிகிச்சை ஒன்று. எசிட்டலோபிராம், செர்ட்ரலின் போன்ற மாத்திரைகள் இன்னொன்று. மாத்திரை வேலை செய்யச் சில வாரம் எடுக்கும், மூன்றாம் நாளே நிறுத்தாதீர்கள். மருந்துக் கடையில் நீங்களாக வாங்கும் அல்பிரசோலம் அப்போதைக்கு அமுக்கிவிட்டுப் பின்னால் உங்களைப் பிடித்துக்கொள்ளும்.

வரும்போது மூச்சை இழுப்பதைவிட விடுவதை நீளமாக்குங்கள். நாலு எண்ணி இழுத்து ஆறு எண்ணி விடலாம். சினிமாவில் காட்டுவதுபோல் காகிதப் பைக்குள் மூச்சுவிட வேண்டாம். நிஜமாகவே இதயமோ நுரையீரலோ காரணமாக இருந்தால் அது ஆபத்து. பேச ஆள் வேண்டுமென்றால் இந்தியாவில் டெலி மானஸ் 14416, தமிழிலும் பேசலாம், கட்டணம் இல்லை.

டாக்டரிடம் எப்படிச் சொல்வது? ‘என்னமோ பண்ணுது’ என்றால் சிரிக்கிறார்கள்.

முதலில் நேரம், பிறகு உடம்பு, கடைசியில் பயம். இந்த வரிசையில் சொன்னால் காது கொடுப்பார்கள். "காலை ஆறேகாலுக்கு, பல் தேய்க்கும்போது, திடீர்னு வந்துச்சு. வேர்த்துச்சு, இடது தோள் கனமா இருந்துச்சு. செத்துடுவேன்னு நிச்சயமா தோணுச்சு, இதுக்கு முன்னாடி இப்படி வந்ததே இல்லை." கடைசி வாக்கியத்தை விழுங்கிவிடாதீர்கள். என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள், எதற்கு அலர்ஜி, சமீபத்தில் ஆபரேஷனோ நீண்ட பயணமோ உண்டா என்பதையும் சொல்லுங்கள். நோயை நீங்களே சொல்லாதீர்கள். "கேஸ்னு நினைக்கிறேன்" என்று ஆரம்பித்தால் கேட்பவர் மனசிலும் கேஸ் உட்கார்ந்துவிடும்.

வார்டில் சேர்த்த பிறகு மறுபடி வந்தால், யாரையும் தொந்தரவு செய்ய வேண்டாமே என்று காத்திருக்காதீர்கள். நர்ஸைக் கூப்பிட்டு, "இதை ஷீட்ல எழுதிடுங்க சிஸ்டர்" என்று சொல்லுங்கள். எழுதினால்தான் அடுத்த ட்யூட்டிக்கு வருகிறவர் கண்ணில் படும்.